சோபாந்து: அத்தியட்சர் கொலென்சோவின் வாழ்வும் போராட்டமும்

தென்னாபிரிக்க வரலாற்றை மேலோட்டமாகப் படிப்போர் கொலென்சோ என்ற பெயரை ஒரு போர்க்களத்தின் பெயராகவே அறிந்திருப்பர். 1899ஆம் ஆண்டு டிசெம்பர் 15ஆம் திகதி, துகேலா ஆற்றங்கரையிலுள்ள அச்சிற்றூரில் போவர்களிடம் பிரித்தானியப் படை தோல்வியுற்றது. அவ்வூருக்கு அப்பெயர் எவ்வாறு வந்தது என்பதைப் போர் வரலாறுகள் பெரும்பாலும் கூறுவதில்லை. அது ஓர் அங்கிலிக்கன் அத்தியட்சரின் பெயர். ஆபிரிக்க மக்களின் மண்ணுக்காக இரு வெள்ளையினத்தவர் தம்முட் பொருத இடத்துக்கு, அம்மக்களுக்காக வாதாடித் தன் இனத்தவரால் ஒதுக்கப்பட்ட ஒருவரின் பெயர் அமைந்தமை வரலாற்றின் விநோதங்களுள் ஒன்றாகும்.

குடியேற்ற நாடுகளுக்குச் சென்ற கிறித்தவ ஊழியர்களைப் பற்றி நம்மிடையே இருவகைக் கருத்துகள் வழங்கி வருகின்றன. அவர்கள் கல்வியையும் நாகரிகத்தையும் கொணர்ந்த புண்ணியவான்கள் என்பது ஒன்று. அவர்கள் ஏகாதிபத்தியத்தின் முன்னோடும் படையினர், வேதநூலுக்குப் பின்னே துப்பாக்கி வந்தது என்பது மற்றையது. முதலாவது கருத்து அடிமைப்பட்டோரின் மனப்பான்மையிற் பிறந்தது. இரண்டாவது கருத்து பொதுவாக உண்மையே. ஆயினும் ஒரு பொது உண்மையைக் கூறிவிட்டு அமைதியடைவது வரலாற்று நோக்கு ஆகாது. ஏகாதிபத்திய அமைப்பினுள்ளே ஊதியம் பெற்று வாழ்ந்த ஒரு மனிதன், எந்தச் சூழலில், எவருடைய தூண்டுதலால், எந்த எல்லைவரை அவ்வமைப்பை எதிர்த்து நிற்க முடிந்தது என ஆராய்வதே பயனுடையது. அவ்வாராய்ச்சிக்கு ஜோன் வில்லியம் கொலென்சோவின் வாழ்க்கையைப் போலப் பொருத்தமானவை மிகச் சிலவே.

கொலென்சோ 1814ஆம் ஆண்டு ஜனவரி 24ஆம் திகதி இங்கிலாந்தின் கோர்ண்வால் பிரதேசத்திற் பிறந்தார். ஈயமும் செம்பும் அகழப்படும் பிரதேசம் அது. தந்தையார் சுரங்கத் தொழிலில் இட்ட பொருளை இழந்தமையாற் குடும்பம் நொடிந்தது. மகன் இளமையிலேயே பள்ளியொன்றில் உதவி ஆசிரியராக உழைக்க நேர்ந்தது. 1832இல் கேம்பிறிட்ஜ் பல்கலைக்கழகத்தின் சென் ஜோன்ஸ் கல்லூரியிற் சேர்ந்தபோது, கட்டணச் சலுகை பெறும் ஏழை மாணவராகவே சேர்ந்தார். 1836இல் கணிதத் தேர்வில் இரண்டாம் இடம் பெற்றார். பின்னர் ஹரோ பள்ளியிற் கணித ஆசிரியராகப் பணியாற்றிய காலத்திற் கடன் அவரை அழுத்தியது. அக்கடனிலிருந்து மீள அவருக்குத் துணைநின்றவை அவர் எழுதிய எண்கணித, அட்சரகணித பாடநூல்களே. அந்நூல்கள் இங்கிலாந்தின் பள்ளிகளிற் பல்லாண்டு காலம் கற்பிக்கப்பட்டன. பின்னாளில் அவர் வேதநூலை ஆராய்ந்தபோது கையாண்ட கருவியும் இதே எண்கணிதந்தான் என்பதை நாம் மனங்கொள்ளவேண்டும்.

1846இல் அவர் நோர்போக்கிலுள்ள ஒரு கிராமத்தின் குருவானார். அதே ஆண்டில் சாரா பிரான்ஸஸ் பன்யனை மணந்தார். இவ்வம்மையாரின் வாயிலாகவே பிரடெரிக் டெனிசன் மோரிஸ் என்ற சிந்தனையாளரின் செல்வாக்கு அவரை வந்தடைந்தது. 1848ஆம் ஆண்டின் தொழிலாளர் கிளர்ச்சிகளை அடுத்து இங்கிலாந்தில் எழுந்த கிறித்தவ சோசலிச இயக்கத்தின் முதல்வர் இந்த மோரிஸ். நித்திய நரக தண்டனை என்ற கொள்கையை வினவியதற்காக 1853இல் இலண்டன் கிங்ஸ் கல்லூரிப் பேராசிரியர் பதவியிலிருந்து அவர் நீக்கப்பட்டார். அதே ஆண்டில் கொலென்சோ தம் பிரசங்கத் தொகுதியொன்றை அவருக்குக் காணிக்கையாக்கினார். அதே ஆண்டின் நவம்பர் 30ஆம் திகதி அவர் நேற்றாலின் முதல் அத்தியட்சராக அபிடேகம் பெற்றார்.

நேற்றால் எத்தகைய நாடு? 1843இல் பிரித்தானியர் அதனைத் தம் உடைமையாக்கிக்கொண்டனர். சில ஆயிரம் வெள்ளையர் அங்கே குடியேறியிருந்தனர். ஆபிரிக்க மக்களோ இலட்சத்துக்கு மேற்பட்டோர். வளமான நிலத்தின் பெரும்பகுதி வெள்ளையருக்கும் நில வணிகக் கம்பனிகளுக்கும் உரியதாயிற்று. ஆபிரிக்கருக்கு ஒதுக்கு நிலங்கள் வகுக்கப்பட்டன. 1849 முதல் குடிசையொன்றுக்கு ஆண்டுதோறும் 7 சிலிங் வரி விதிக்கப்பட்டது. பணப் பொருளாதாரத்தை அறியாதிருந்த குடியானவனைப் பணத்துக்காக உழைக்கவோ தன் மாட்டை விற்கவோ தள்ளும் உபாயம் அது. இந்நிர்வாகத்தை வகுத்து நடத்தியவர் தியோபிலஸ் ஷெப்ஸ்ரன் என்ற அதிகாரி. ஆபிரிக்கத் தலைவர்களைக்கொண்டே ஆபிரிக்கரை ஆளும் முறை அவருடையது. அம்முறையின்படி நேற்றாலின் துணைத் தேசாதிபதியே ஆபிரிக்கர் அனைவருக்கும் ‘மகா தலைவர்’ எனக் கருதப்பட்டார்.

இத்தனை நெருக்குதலுக்குப் பின்னரும் ஆபிரிக்கர் தம் மந்தையையும் பயிரையும் விட்டுக் கரும்புத் தோட்டங்களுக்கு வேண்டிய அளவு கூலிகளாக வரவில்லை. ஆகவே தோட்ட முதலாளிகள் வேறிடத்தை நாடினர். 1860ஆம் ஆண்டு நவம்பர் 16ஆம் திகதி சென்னையிலிருந்து புறப்பட்ட ‘ட்றூறோ’ என்ற கப்பல் டேர்பன் துறையை அடைந்தது. அதில் வந்த ஒப்பந்தக் கூலிகளுட் பலர் தமிழர். நம்மவரின் தென்னாபிரிக்க வரலாறு இங்கேதான் தொடங்குகின்றது. கொலென்சோவின் நேற்றால் நமக்கு முற்றிலும் அந்நியமான நாடன்று என்பதை நினைவூட்டவே இதனைக் குறிப்பிட்டோம்.

1855இல் குடும்பத்துடன் நேற்றாலிற் குடியேறிய கொலென்சோ, பீற்றர்மரிற்ஸ்பேர்க் நகருக்கு அண்மையில் ஒரு பணிநிலையத்தை அமைத்தார். வெள்ளையர் அதனைப் பிஷப்ஸ்ரோ என்றனர். சூலு மொழியில் அதன் பெயர் எக்குக்கன்யேனி, ‘ஒளியின் இடம்’ என்பது பொருள். அங்கே ஆபிரிக்கத் தலைவர்களின் பிள்ளைகளுக்கு 1856இல் ஒரு பள்ளி நிறுவப்பட்டது. அச்சுக்கூடம் ஒன்றும் இயங்கியது. ஏனைய ஊழியர்களினின்றும் கொலென்சோ வேறுபடும் இடம் அவர் மொழியைக் கற்ற முறையிலேதான் தொடங்குகின்றது. அவர் சூலு மொழி இலக்கணம் ஒன்றை எழுதினார். 1861இல் சூலு–ஆங்கில அகராதியை வெளியிட்டார். புதிய ஏற்பாட்டையும் பழைய ஏற்பாட்டின் சில பகுதிகளையும் மொழிபெயர்த்தார். கட்டளையிடுவதற்கு வேண்டிய அளவு மொழியைக் கற்பது ஆளுவோரின் வழக்கம். கொலென்சோவோ கேட்டறிவதற்காகக் கற்றார்.

அவ்வாறு கேட்டறிந்ததன் விளைவுகள் விரைவிலேயே வெளிப்பட்டன. கடவுளைக் குறிக்கப் பிறமொழிச் சொல்லொன்றைத் திணிப்பதை அவர் விரும்பவில்லை. மக்கள் வழங்கிவந்த ‘உங்குலுங்குலு’ என்ற சொல்லையே ஏற்றுக்கொண்டார். சூலு மக்களுக்கும் கடவுளைப் பற்றிய உணர்வு உண்டு, அவர்கள் வெற்றுப் பலகைகள் அல்லர் என்பது இதன் உட்பொருள். பல மனைவியரை மணந்த ஒருவர் கிறித்தவராக விரும்பினால், ஒருத்தியை வைத்துக்கொண்டு ஏனையோரைத் துரத்தவேண்டும் என்பது ஊழியர்களின் விதியாக இருந்தது. துரத்தப்படும் பெண்ணும் பிள்ளைகளும் எங்கே போவர் எனக் கொலென்சோ வினவினார். அந்த விதி கொடுமையானது என 1855இலேயே அவர் எழுதி வெளியிட்டார். குடியேறிகளும் சக குருமாரும் திடுக்கிட்டனர்.

1861இல் பவுல் உரோமருக்கு எழுதிய நிருபத்துக்கு அவர் ஓர் உரையை வெளியிட்டார். நித்திய நரக தண்டனையை அதில் மறுத்தார். கிறித்துவை அறியாது இறந்த தம் முன்னோர் யாவரும் எரிநரகில் வீழ்ந்தார்கள் என்று சூலு மக்களிடம் கூற அவருடைய மனச்சான்று இடந்தரவில்லை. ஓர் இனத்துக்கு மட்டும் கடவுளின் தனிச்சலுகை உண்டு என்னும் இறுமாப்பை அந்நிருபம் கண்டிக்கிறது என அவர் விளக்கினார். நேற்றாலில் நின்று இவ்வாறு எழுதியபோது, அவ்விறுமாப்பு பழங்கால யூதருக்கு மட்டும் உரியதாக இருந்திருக்க முடியாது என்பது வெளிப்படை.

ஆனால் உண்மையான பூகம்பம் ஒரு கேள்வியினாலேயே ஏற்பட்டது. கொலென்சோவின் மொழிபெயர்ப்புப் பணியில் வில்லியம் இங்கிடி என்ற சூலு உதவியாளர் துணைபுரிந்தார். ஆதியாகமத்தின் வெள்ளப் பெருக்குக் கதையை மொழிபெயர்த்துக்கொண்டிருந்தபோது, இவையெல்லாம் உண்மையாகவே நடந்தனவா, சிறியவும் பெரியவுமான எல்லா விலங்குகளும் சோடி சோடியாகப் பேழைக்குள் வந்து சேர்ந்தனவா என அவர் வினவினார். அத்தியட்சர் புவியியலை ஓரளவு கற்றவர். உலகம் முழுவதையும் மூடிய வெள்ளம் நடந்திருக்க முடியாது என அறிந்திருந்தார். தாம் நம்பாத ஒன்றை நம்பும்படி இம்மனிதனுக்கு எவ்வாறு கூறுவது?

இன்னொரு நிகழ்வையும் அவர் பதிவுசெய்துள்ளார். ஒருவன் தன் அடிமையைக் கோலால் அடித்து, அவ்வடிமை ஒரிரு நாள் உயிரோடிருந்து இறந்தால், அடித்தவனுக்குத் தண்டனை இல்லை, ஏனெனில் அவ்வடிமை அவனுடைய பணம் எனக் கூறும் ஒரு பகுதி யாத்திராகமத்தில் உண்டு. அதனை மொழிபெயர்க்க உதவிய சூலு கிறித்தவர் அருவருப்பும் அதிர்ச்சியும் அடைந்தார். அன்பே உருவான கடவுள் இவ்வாறு கூறியிருப்பாரா என்பதே அவருடைய உள்ளத்தில் எழுந்த ஐயம். அமெரிக்காவில் அடிமைகளின் சொந்தக்காரர்கள் வேதநூலைக் காட்டி அடிமை முறையை நியாயப்படுத்திவந்த காலம் அது என்பதை நாம் மறக்கலாகாது. ‘காட்டுமிராண்டி’ எனக் கருதப்பட்ட மனிதனின் அறவுணர்வு, நாகரிகம் கற்பிக்க வந்தோரின் அறவுணர்விலும் உயர்ந்து நின்றது. கொலென்சோவின் பெருமை இக்கேள்விகளைத் தாமே கண்டுபிடித்தமையில் இல்லை. கேட்டவனைக் கேலி செய்யாமல், அவனுக்கு நேர்மையாக விடையளிக்கவேண்டும் என உணர்ந்தமையிலேயே அது உள்ளது.

விடையைத் தேடிய கணித ஆசிரியர் பழைய ஏற்பாட்டின் முதல் ஆறு நூல்களையும் எண்களைக்கொண்டு சோதித்தார். எகிப்தை விட்டுப் புறப்பட்ட இசுரவேலரிற் போர்வீரர் மட்டும் 6 இலட்சம் பேர் என வேதநூல் கூறும். அப்படியாயின் மொத்த மக்கள் ஏறத்தாழ 20 இலட்சம். யாக்கோபுடன் எகிப்துக்குச் சென்ற 70 பேர் சில தலைமுறைகளுள் இத்தனை பேராகப் பெருகியிருக்க முடியுமா? இத்தனை பேரும் ஆசரிப்புக் கூடாரத்தின் வாயிலில் எவ்வாறு கூடினர்? இவர்கள் அனைவரின் பலிகளையும் ஆரோனும் இரு புதல்வருமாக மூன்றே குருமார் எவ்வாறு செலுத்தினர்? பாலைநிலத்தில் இவர்களின் மந்தைகள் எதை உண்டன? அந்நூல்கள் மோசே எழுதியவை அல்ல, வெவ்வேறு காலத்திற் பலரால் எழுதப்பட்டவை என்ற முடிவுக்கு அவர் வந்தார். ஜேர்மானிய அறிஞர்கள் முன்னரே இத்துறையிற் பல உண்மைகளைக் கண்டிருந்தனர். ஆயினும் ஓர் ஆங்கில அத்தியட்சர், எழுத்தறிந்த எவரும் விளங்கிக்கொள்ளக்கூடிய ஆங்கிலத்தில் எழுதியமை புதியது. 1862இல் முதற் பகுதி வெளிவந்தது. 1879ஆம் ஆண்டுக்குள் ஏழு பகுதிகள் வெளிவந்தன.

டார்வினின் ‘உயிரினங்களின் தோற்றம்’ வெளிவந்து மூன்று ஆண்டுகளே ஆகியிருந்த வேளை அது. புவியியலறிஞர் சார்ள்ஸ் லையெல் போன்றோர் கொலென்சோவுக்கு ஆதரவளித்தனர். இங்கிலாந்தின் அத்தியட்சர்களுட் பெரும்பாலோர் பதவியைத் துறக்குமாறு அவரை வற்புறுத்தினர். அவருக்கு வழிகாட்டியாக விளங்கிய மோரிஸ்கூட அவரை விட்டு விலகினார். சூலுவை மதம் மாற்றச் சென்றவர் சூலுவினால் மாற்றப்பட்டுவிட்டார் என்ற கேலி நாடெங்கும் பரவியது. இந்தக் கேலி நமக்கு ஒன்றை உணர்த்துகின்றது. கொலென்சோ கூறியது பிழையா என்பதைவிட, யாரிடமிருந்து கற்றார் என்பதே அவர்களை உறுத்தியது.

புகழ்பெற்ற கவிஞரும் விமர்சகருமான மத்தியூ ஆர்ணல்டின் கண்டனம் தனியே நோக்கத்தக்கது. இந்நூல் கற்றோருக்குப் புதிதாக எதையும் கூறவில்லை, கல்லாதோரின் உள்ளத்தை உயர்த்தவும் இல்லை என்பது அவருடைய வாதத்தின் சாரம். அதாவது அறிஞர் தம்முள் அறிந்து வைத்திருக்கும் உண்மையைப் பொதுமக்களிடம் கொண்டுசெல்லுதல் தகாது. நயமான மொழியில் வந்தாலும் இது அறிவைத் தனியுடைமையாகக் கொண்டோரின் குரலே. மக்களுக்குப் புரியும்படி எழுதுவது தரக்குறைவு எனக் கருதும் பண்டிதர்களை நம் நாட்டிலும் நாம் கண்டதுண்டு. ஆர்ணல்டின் அளவுகோலில் வில்லியம் இங்கிடிக்கு இடமேயில்லை.

1863இன் இறுதியிற் கேப் நகர அத்தியட்சரும் பிரதம அத்தியட்சருமான ரொபேர்ட் கிறே, கொலென்சோ மீது மதவிரோதக் குற்றம் சுமத்தி விசாரித்தார். டிசெம்பர் 16ஆம் திகதி அவரைப் பதவிநீக்கித் தீர்ப்பளித்தார். கொலென்சோ இங்கிலாந்தின் பிரிவுக் கவுன்சிலுக்கு முறையிட்டார். கிறேயின் தீர்ப்புச் சட்டப்படி செல்லாது என 1865 மார்ச்சில் அக்கவுன்சில் கூறியது. அவ்வாண்டின் நவம்பரில் அவர் நேற்றாலுக்குத் திரும்பினார். 1866இன் தொடக்கத்தில் கிறே அவரைச் சபைநீக்கம் செய்தார். அவருடைய ஊதியத்தை நிறுத்த முயன்ற முயற்சியும் நீதிமன்றத்திலே தோற்றது. 1869இல் மக்ரோரி என்பவர் போட்டி அத்தியட்சராக அபிடேகம் பெற்றார். ஒரே நகரில் இரண்டு அத்தியட்சர்கள்! உலகெங்குமுள்ள அங்கிலிக்கன் அத்தியட்சர்கள் 1867இல் முதன்முறையாக லம்பெத்திற் கூடியமைக்கு இவ்வழக்கு ஒரு முக்கிய காரணமாகும்.

இதுவரை கூறியவை சமய வரலாற்றில் எழுதப்பட்டவை. இவற்றோடு கொலென்சோவின் வரலாறு முடிந்திருந்தால் அவர் ஒரு துணிவுமிக்க வேத விமர்சகர் என்ற அளவிலேயே நின்றிருப்பார். நம் கவனத்துக்குரிய பகுதி அவருடைய 60ஆவது வயதை அண்மித்தே தொடங்குகின்றது.

ஹ்லூபி என்ற மக்கட் பிரிவின் தலைவர் லங்கலிபலேலே. அவருடைய இளைஞர்கள் கிம்பர்லி வைரச் சுரங்கங்களுக்குச் சென்று உழைத்தனர். உழைத்த ஊதியத்தில் துப்பாக்கிகளை வாங்கி வந்தனர். அத்துப்பாக்கிகளைப் பதிவுசெய்ய வேண்டும் என அரசாங்கம் கட்டளையிட்டது. பதிவுக்கெனக் கொடுத்த துப்பாக்கிகள் திரும்பக் கிடைக்குமா என மக்கள் அஞ்சினர். தலைநகருக்கு வருமாறு அழைக்கப்பட்ட லங்கலிபலேலே தயங்கினார். அத்தயக்கத்துக்குக் காரணம் இருந்தது. 1858இல் மட்ஷானா என்ற தலைவரைச் சமாதானக் கூட்டம் என அழைத்து, ஷெப்ஸ்ரனின் தம்பியாகிய ஜோன் ஷெப்ஸ்ரன் வஞ்சனையாகப் பிடிக்க முயன்றதை அம்மக்கள் மறக்கவில்லை.

படை அனுப்பப்பட்டது. ஹ்லூபி மக்கள் மலைகளைக் கடந்து வெளியேற முயன்றனர். 1873 நவம்பர் 4ஆம் திகதி மலைக் கணவாயொன்றில் நடந்த மோதலில் அரசாங்கப் படையைச் சேர்ந்த மூன்று வெள்ளையரும் இரு ஆபிரிக்கரும் இறந்தனர். அதற்குக் குடியேறிகளின் அரசாங்கம் வாங்கிய பழி கொடியது. ஹ்லூபி மக்களின் நிலமும் மந்தைகளும் பறிக்கப்பட்டன, குடிசைகள் எரிக்கப்பட்டன, பலர் கொல்லப்பட்டனர். எஞ்சியோர் வெள்ளையரின் பண்ணைகளுக்குக் கட்டாய உழைப்பாளராகப் பகிர்ந்தளிக்கப்பட்டனர். மோதலிற் பங்குகொள்ளாத அயலவரான இங்வே மக்களுக்கும் இதே கதி நேர்ந்தது. துப்பாக்கிப் பதிவு ஒரு சாட்டே. நிலமும் உழைப்பும் வேண்டியிருந்தன. சுயமாக வாழும் ஒரு குடியானவச் சமூகம் அவற்றுக்குத் தடையாக நின்றது.

1874 ஜனவரியில் லங்கலிபலேலே விசாரிக்கப்பட்டார். துணைத் தேசாதிபதி பைன், ‘மகா தலைவர்’ என்ற உரிமையில் நீதிபதியாக அமர்ந்தார். குற்றஞ்சாட்டிய அரசாங்கத்தின் தலைவரே தீர்ப்பு வழங்குபவர். ஷெப்ஸ்ரனும் உடனிருந்தார். எதிரிக்காக வாதாடத் தக்க வழக்கறிஞர் அனுமதிக்கப்படவில்லை. ஆயுட்கால நாடுகடத்தல் விதிக்கப்பட்டு, அம்முதியவர் றோபன் தீவுக்கு அனுப்பப்பட்டார். ஏறத்தாழ ஒரு நூற்றாண்டின் பின்னர் நெல்சன் மண்டேலா சிறைவைக்கப்பட்டதும் அதே தீவில்தான்.

ஷெப்ஸ்ரன் கொலென்சோவின் நெடுநாள் நண்பர். இருபது ஆண்டுக்காலம் அவருடைய ஆட்சித்திறனைக் கொலென்சோ போற்றி வந்திருந்தார். இவ்வழக்கில் அநீதி நடந்ததென முதலில் அவருக்கு எடுத்துரைத்தோர் பிஷப்ஸ்ரோவுக்கு வந்த ஆபிரிக்கர்களே. அவர் அவர்களின் வாக்குமூலங்களைச் சூலு மொழியிலேயே எழுதினார். ஒருவர் கூற்றை மற்றவர் கூற்றோடு ஒப்பிட்டார். அரசாங்கத்தின் அறிக்கைகளோடு வைத்துச் சோதித்தார். அரசாங்கம் பொய் கூறுகின்றது என்ற முடிவுக்கு வந்தார். மட்ஷானா விடயத்தில் ஜோன் ஷெப்ஸ்ரன் ஆயுதத்தை மறைத்துக்கொண்டு சென்றது உண்மையே என்பது பின்னர் நடந்த விசாரணையிற் புலப்பட்டது. மோசேயின் நூல்களுக்குக் கையாண்ட அதே முறையை அவர் நேற்றால் அரசாங்கத்தின் அறிக்கைகளுக்கும் கையாண்டார் என்பதே இங்கு நாம் காணவேண்டியது. எந்த ஆவணமும் புனிதமானது அன்று. எந்தச் சாட்சியும் தோலின் நிறத்தால் தாழ்ந்தது அன்று.

ஷெப்ஸ்ரனுடனான நட்பு முறிந்தது. மதவிரோத வழக்கின்போது அவரை ஆதரித்த குடியேறிகள் பலர் இப்போது அவரை வெறுத்தனர். இது சிந்திக்கத்தக்க மாற்றமாகும். மோசே ஐந்நூல்களை எழுதவில்லை என்று கூறியதை அவர்கள் பொறுத்துக்கொண்டனர். ஹ்லூபி மக்களின் நிலத்தை நீங்கள் திருடினீர்கள் என்று கூறியதைப் பொறுக்கவில்லை. சிந்தனைச் சுதந்திரத்தின் எல்லை சொத்துரிமையின் வேலியிலே முடிவடைந்துவிட்டது.

1874இல் கொலென்சோ இங்கிலாந்து சென்று குடியேற்ற நாட்டமைச்சர் கார்னர்வன் பிரபுவைச் சந்தித்து முறையிட்டார். அதன் பயனாகப் பைன் திருப்பியழைக்கப்பட்டார். லங்கலிபலேலே தீவிலிருந்து தலைநிலத்துக்கு மாற்றப்பட்டார். 1887இல் நேற்றாலுக்குத் திரும்ப அனுமதிக்கப்பட்டு, 1889இல் அங்கே இறந்தார். ஹ்லூபி மக்கள் தம் பழைய நிலத்தை மீளப் பெறவில்லை. மேலிடத்துக்கு முறையிடும் அரசியல் எதைப் பெற்றுத்தர முடியும், எதைப் பெற்றுத்தர முடியாது என்பதற்கு இதுவே அளவு. ஓர் அதிகாரியை மாற்றலாம். அதிகாரத்தின் அடித்தளத்தை மாற்ற இயலாது. அதே கார்னர்வன் பிரபு, ஷெப்ஸ்ரனைக்கொண்டே 1877 ஏப்ரில் 12ஆம் திகதி திரான்ஸ்வாலைப் பிரித்தானிய உடைமையாக்கினார்.

அடுத்து வந்தது சூலு நாட்டின் முறை. செட்சுவாயோ மன்னரின் ஆட்சியில் அந்நாடு சுதந்திரமாக இருந்தது. எல்லைத் தகராற்றை விசாரித்த குழு 1878இற் பெருமளவுக்குச் சூலு மக்களின் பக்கமே முடிவு கூறியது. ஆயினும் உயர் ஆணையாளர் பார்ட்டில் பிறியர், படையமைப்பைக் கலைக்குமாறு கோரும் ஏற்கமுடியாத இறுதி எச்சரிக்கையை 1878 டிசெம்பர் 11ஆம் திகதி விடுத்தார். ஒரு மாதத்திற் போர் தொடங்கியது. 1879 ஜனவரி 22ஆம் திகதி இசாண்டில்வானாவில் ஈட்டியேந்திய சூலு படை, நவீன துப்பாக்கிகளைக் கொண்ட பிரித்தானிய முகாமை அழித்தது. ஆயிரத்துக்கு மேற்பட்ட பிரித்தானியத் தரப்பினர் மாண்டனர். சூலு வீரரின் ஆற்றலைப் பின்னர் ஏங்கெல்ஸ் ‘குடும்பம், தனிச்சொத்து, அரசு ஆகியவற்றின் தோற்றம்’ என்ற நூலில் வியந்து குறிப்பிட்டார்.

நேற்றால் வெள்ளையர் அச்சத்திலும் பழிவெறியிலும் மூழ்கினர். மார்ச் 12ஆம் திகதி தவநாளாகக் குறிக்கப்பட்டது. பீற்றர்மரிற்ஸ்பேர்க் தேவாலயத்திற் கூடியோர் தம் துயருக்கு ஆறுதலையும் படைகளுக்கு ஆசியையும் எதிர்பார்த்திருப்பர். கொலென்சோ, நீதி செய்யுமாறும் இரக்கத்தை விரும்புமாறும் கூறும் மீகா தீர்க்கதரிசியின் வாசகத்தை எடுத்துக்கொண்டார். நாம் சூலு மக்களுக்கு எங்கே நீதி செய்தோம், எங்கே இரக்கம் காட்டினோம் என வினவினார். இறந்த வெள்ளையருக்காக மட்டுமன்றி, தம் மன்னருக்காகவும் நாட்டுக்காகவும் இறந்த சூலு வீரருக்காகவும் துக்கித்தார். போர் வேளையிற் சொந்த நாட்டவரின் முகத்துக்கு நேரே இதைக் கூறுவதற்கு வேண்டிய நெஞ்சுரத்தை எண்ணிப் பாருங்கள். போரின்போது எத்தனை மதத்தலைவர்கள் ஆயுதங்களுக்கு ஆசி வழங்கியுள்ளனர் என்பதை அறிந்த நமக்கு இதன் அருமை விளங்கும்.

1879 யூலை 4ஆம் திகதி உலுண்டியிற் சூலு படை தோற்கடிக்கப்பட்டது. மன்னர் சிறைப்பட்டார். நாடு 13 கூறுகளாகப் பிரிக்கப்பட்டு, ஒன்றோடொன்று மோதவிடப்பட்டது. பிரித்தாளும் சூழ்ச்சியை நாம் யாருக்கும் விளக்கத் தேவையில்லை. கொலென்சோ மன்னரின் மீட்சிக்காக உழைத்தார். அரசாங்க அறிக்கைகளையும் பத்திரிகைச் செய்திகளையும் சூலு மக்களின் வாக்குமூலங்களையும் பக்கம் பக்கமாகத் தொகுத்துப் பிஷப்ஸ்ரோ அச்சுக்கூடத்திலேயே அச்சிட்டார். மகள் பிரான்ஸஸ் சூலு போரின் வரலாற்றை எழுதி 1880இல் வெளியிட்டார். 1882இல் செட்சுவாயோ இலண்டன் சென்றார். 1883இன் தொடக்கத்திற் குறுகிய நாட்டுடனும் குறைந்த அதிகாரத்துடனும் திரும்பினார். உள்நாட்டுப் போர் மூண்டது. அத்துயரச் செய்திகளின் நடுவே 1883 யூன் 20ஆம் திகதி கொலென்சோ காலமானார். அடுத்த ஆண்டு பெப்ரவரியில் மன்னரும் இறந்தார்.

தந்தையின் பணியை மூத்த மகள் ஹரியற் தொடர்ந்தார். செட்சுவாயோவின் மகன் டினுசூலு 1889இல் இராசத்துரோகக் குற்றத்துக்காகச் சென் ஹெலினா தீவுக்கு நாடுகடத்தப்பட்டபோதும், 1906ஆம் ஆண்டு வரிக்கொடுமைக்கெதிரான பம்பத்தா கிளர்ச்சியின் பின்னர் மீண்டும் விசாரிக்கப்பட்டபோதும் அவருக்குத் துணைநின்றவர் இவ்வம்மையாரே. 1932இல் இறக்கும்வரை அவர் அப்பாதையினின்றும் விலகவில்லை.

இனிக் கொலென்சோவின் குறைபாடுகளையும் கூறவேண்டும். அவர் ஏகாதிபத்தியத்தை மறுத்தவர் அல்லர். பிரித்தானிய ஆட்சி ஆபிரிக்கருக்கு நன்மை செய்யக்கூடியது, கெட்ட அதிகாரிகளே அதனைக் கெடுக்கின்றனர் என இறுதிவரை நம்பினார். நீதி இலண்டனில் இருக்கிறது, அதற்கு உண்மை தெரிந்தாற் போதும் என எண்ணினார். குடிசை வரியை விதித்த அரசும் மேன்முறையீட்டைக் கேட்ட அரசும் ஒரே நலனைக் காக்கும் ஒரே அரசு என்பதை அவர் காணவில்லை. ஷெப்ஸ்ரனின் ஆட்சிமுறையை இருபது ஆண்டுக்காலம் போற்றியவர் அவரே. இவை அவருடைய தனிமனிதக் குறைகள் மட்டுமல்ல, மத்தியதர வர்க்கத் தாராளவாதத்தின் எல்லைகளுமாகும்.

ஆயினும் எல்லைகளைக் காட்டி மனிதரை ஒதுக்கிவிடுவது எளிது. அவருடைய காலத்தில் இலண்டனில் இருந்துகொண்டு ஏகாதிபத்தியத்தைக் கண்டித்தோர் பலர் உளர். சொந்த ஊரில், சொந்த நண்பரை, சொந்தச் சபையாரை, போர் நடக்கும்போது கண்டித்தோர் எத்தனை பேர்? கோட்பாட்டிற் குறையுடைய நேர்மை, கோட்பாட்டில் நிறைவுடைய மௌனத்திலும் மேலானது.

கொலென்சோவைச் சூலு மக்கள் ‘சோபாந்து’ என அழைத்தனர். மக்களின் தந்தை என்பது பொருள். பீற்றர்மரிற்ஸ்பேர்க்கின் ஆபிரிக்கக் குடியிருப்பொன்று இன்றும் அப்பெயரைத் தாங்கி நிற்கின்றது. அப்பெயர் அன்பினால் இடப்பட்டது. ஆனால் வரலாற்று மாணவர்களாகிய நாம் அதனைச் சற்றே திருப்பிப் பார்க்கவேண்டும். இவ்வரலாற்றின் ஒவ்வொரு திருப்பத்திலும் முதலில் வாய்திறந்தோர் அம்மக்களே. வெள்ளத்தைப் பற்றிக் கேட்டவர் இங்கிடி. அடிமைச் சட்டத்தைக் கேட்டு அருவருத்தவர் ஒரு சூலு உதவியாளர். லங்கலிபலேலேக்கு நேர்ந்த அநீதியை எடுத்துரைத்தோர் ஆபிரிக்கச் சாட்சிகள். தந்தை கற்பித்தார் என்பதைவிட, மக்கள் கற்பிக்க அவர் கற்றார் என்பதே பொருத்தம்.

அவர்களுள் ஒருவரைக் குறிப்பிட்டு இக்கட்டுரையை நிறைவுசெய்வோம். 1856இல் எக்குக்கன்யேனிப் பள்ளியிற் சேர்ந்த சிறுவருள் ஒருவர் மகேமா ஃபூசே. அச்சுத்தொழிலைக் கற்று அவ்வச்சுக்கூடத்தை நடத்தினார். ஹ்லூபி வழக்கின் சாட்சியங்களையும் செட்சுவாயோவின் முறையீடுகளையும் அச்சுக்கோத்த கைகளில் அவருடையவையும் அடங்கும். பின்னர் சென் ஹெலினா தீவுக்குச் சென்று டினுசூலுவின் செயலாளராகப் பணியாற்றினார். 1922இல், தம் முதுமையில், கறுப்பின மக்கள் எங்கிருந்து வந்தனர் என்பதைப் பற்றிச் சூலு மொழியில் ஒரு நூலை வெளியிட்டார். சூலு மொழியைத் தாய்மொழியாகக் கொண்ட ஒருவர் அம்மொழியில் எழுதி வெளியிட்ட முதல் நூல் என அது கொள்ளப்படுகின்றது.

அவருடைய மக்களின் வரலாற்றை அதுவரை அத்தியட்சர்களும் அதிகாரிகளும் படைத்தலைவர்களும் எழுதினர். இப்போது அச்சுக்கோத்தவரே எழுதினார். இனவொதுக்கல் ஆட்சி வீழ்ந்து 1994இல் ஆபிரிக்க மக்கள் வாக்குரிமை பெறுவதற்கு இன்னும் 72 ஆண்டுகள் கழியவேண்டியிருந்தது. அது மக்களின் போராட்டத்தாலேயே வந்தது. ஒளியின் இடம் எனப் பெயரிடப்பட்ட பணிநிலையம் 1884இல் தீயிற் கருகிற்று. அங்கே கற்ற மாணவனின் நூல் நின்று நிலைத்துள்ளது. பாடநூலில் உள்ளதை ஒப்புவிப்பதோடு நில்லாது, பின்வரிசையிலிருந்து எழும் ‘இது உண்மையா?’ என்ற கேள்விக்கு அஞ்சாமல் விடைதேட முனையும் எந்த ஆசிரியருக்கும் அத்தியட்சர் கொலென்சோ உறவினரே.